அரங்கம் அமைத்தவரின் மிஸ்ர்: ஷாதி அப்துஸ் ஸலாம் (1930 – 1986)

எகிப்தியத் திரையுலகில் அரங்கம் அமைப்பவரை 'முஹந்திஸுத் தீகோர்' என்று அழைப்பர். முஹந்திஸ் எனும் அரபுச் சொல் பொறியாளரைக் குறிப்பது. தீகோர் பிரெஞ்சு மொழியிலிருந்து வந்தது. தமிழில் நாம் 'கலை இயக்குநர்' என்கிறோம். ஹாலிவுட்டில் 1939ஆம் ஆண்டு 'கான் வித் த விண்ட்' படத்திற்காக வில்லியம் கேமரன் மென்ஸீஸ் என்பவருக்கு 'தயாரிப்பு வடிவமைப்பாளர்' எனும் புதிய பட்டம் வழங்கப்பட்டது. அதன்பின் உலகெங்கும் அப்பெயர் பரவிற்று. மூன்று பெயர்களுள் எகிப்தியரின் பெயரே நமக்கு அதிகம் பிடித்திருக்கிறது. இத்தொழிலில் வரைதலும் வண்ணமும் மட்டுமல்ல, அளவும் கணக்கும் உண்டு என்பதை அது மறைக்காமல் சொல்லிவிடுகிறது.

அத்தகைய முஹந்திஸ் ஒருவரைப் பற்றியே இக்கட்டுரை. ஷாதி அப்துஸ் ஸலாம் 1930இல் இஸ்கந்தரிய்யாவில் பிறந்து 1986இல் கெய்ரோவில் மறைந்தார். தம் தொழில் வாழ்வின் முற்பகுதி முழுவதும் அவர் பிறருடைய படங்களுக்கு மாளிகைகளையும் உடைகளையும் வரைந்து கொடுத்தார். முழுநீளப் படமென அவர் தாமே இயக்கியது ஒன்றே ஒன்று: 1969இல் நிறைவுற்ற 'அல்மூமியா'. அரபுத் திரைப்பட வரலாற்றின் தலைசிறந்த படங்களைப் பட்டியலிடுவோர் எவரும் இதனை விட்டுவிடுவதில்லை. ஒரு முஸ்லிம் சமுதாயம் தனக்கு முந்திய காலத்தின் எச்சங்களை எவ்வாறு நோக்குவது என்ற கேள்வி இப்படத்தின் உள்ளே இருக்கிறது. அந்தக் கேள்வியை அவர் எழுத்தாளராகவோ சொற்பொழிவாளராகவோ அன்றி, சுவரையும் துணியையும் மரத்தையும் அறிந்த தொழிலாளராக அணுகினார். அதனால்தான் அவருடைய தொழிலிலிருந்து நாம் தொடங்குகிறோம்.

கதை கையில் கிடைத்ததும் கலை இயக்குநரிடம் எழும் கேள்விகள் மற்றவர்களுக்கு எழுவதில்லை. அரசன் அமர்ந்தான் என்று எழுத்தாளர் ஒரு வரியில் எழுதிவிடுவார். எதன்மீது அமர்ந்தான்? அந்த ஆசனம் எந்த மரத்தால் ஆனது? அம்மரம் அந்நாட்டில் விளைந்ததா, கடல் வழியே வந்ததா? அறையின் வெளிச்சம் சாளரத்திலிருந்து விழுகிறதா, விளக்கிலிருந்தா? விளக்கென்றால் சுவரில் புகைக்கறை படிந்திருக்க வேண்டுமே. இவற்றுக்கெல்லாம் விடை கண்ட பிறகே அவர் வரையத் தொடங்குகிறார். வரைபடம் தச்சரிடமும் வண்ணம் பூசுவோரிடமும் தையற்காரரிடமும் செல்கிறது. புதிதாய் நெய்த துணியைத் துவைத்து, தேய்த்து, வெயிலில் வாட்டிப் பழையதாக்குவது தனி வேலை. படம் பார்ப்பவர் இவற்றுள் எதையும் தனித்துக் கவனிக்க மாட்டார். ஆனால் ஒன்று பிசகினால் போதும், அந்த உலகத்தையே நம்ப மறுத்துவிடுவார்.

ஷாதி பயின்றது இஸ்கந்தரிய்யாவின் விக்டோரியா கல்லூரியில். ஆங்கிலேய முறையில் நடந்த அப்பள்ளியில்தான் பின்னாளில் இயக்குநரான யூஸுஃப் ஷாஹீனும் நடிகர் உமர் ஷரீஃபும் படித்தனர். 1948இல் அங்கிருந்து வெளியேறி, இலண்டனில் சிறிது காலம் நாடகக் கலை கற்றார். பின்னர் கெய்ரோவின் நுண்கலைக் கல்லூரியில் சேர்ந்து 1955இல் கட்டடக் கலையில் பட்டம் பெற்றார். ஆனால் வீடு கட்டப் போகவில்லை. ஸலாஹ் அபூ ஸைஃப் போன்ற இயக்குநர்களிடம் உதவியாளராகச் சேர்ந்து, விரைவிலேயே அரங்கமும் உடையும் வடிவமைப்பவராக அறியப்பட்டார்.

ஜமால் அப்துன் நாஸிரின் ஆட்சி நடந்த அக்காலத்தில் வரலாற்றுப் படங்களுக்கு எகிப்தில் மிகுந்த செல்வாக்கு இருந்தது. 1961இல் வெளிவந்த 'வா இஸ்லாமாஹ்' அவற்றுள் ஒன்று. தாத்தாரியரை மம்லூக்குகள் 1260இல் ஐன் ஜாலூத்தில் முறியடித்த வரலாற்றைச் சொல்லும் கதை அது. மூல நாவலை எழுதிய அலீ அஹ்மத் பாக்கதீர், இந்தோனேசியாவின் சூரபாயாவில் ஹள்ரமீ குடும்பத்தில் பிறந்தவர். கீழைக் கடற்கரை ஊர்களின் வணிக வரலாறு அறிந்த நம் வாசகர்களுக்கு ஹள்ரமவ்த் அந்நியப் பெயரன்று. படத்தை இயக்க ஹாலிவுட்டிலிருந்து ஆண்ட்ரூ மார்டனை அழைத்து வந்தனர். 'பென்ஹர்' படத்தின் தேரோட்டக் காட்சியை எடுத்தவர்களுள் ஒருவர் அவர். இதில் உடை, அரங்க வடிவமைப்பில் பணியாற்றிய ஷாதி, பின்னர் யூஸுஃப் ஷாஹீன் இயக்கிய 'அந்நாஸிர் ஸலாஹுத்தீன்' (1963) படத்திலும் அப்பணியில் பங்கேற்றார்.

இவ்விரண்டாவது படத்தின் தலைப்பிலேயே அரசியல் இருந்தது. வெற்றியாளர் எனும் பொருள்படும் 'நாஸிர்', சுல்தான் ஸலாஹுத்தீன் அய்யூபியின் பட்டப்பெயர். அன்றைய அதிபரின் பெயரும் அதுவே. நஜீப் மஹ்ஃபூழும் அப்துர் ரஹ்மான் ஷர்காவியும் திரைக்கதையில் பங்கேற்றும் வரலாறு பல இடங்களில் வளைக்கப்பட்டது. ஈஸா அல்அவ்வாம் வரலாற்றில் ஒரு முஸ்லிம். படமோ அவரைக் கிறிஸ்தவ அரபியராகக் காட்டுகிறது. அரபு ஒற்றுமைக் கொள்கைக்கு அது தேவைப்பட்டது போலும். எழுத்தில் இவ்வாறு வளைப்பது எளிது. பொருள்களில் அது அத்தனை எளிதன்று. ஒரு கவசத்தை வரைய வேண்டுமெனில் அது எப்படி இருந்தது என்று எங்கேனும் பார்த்தாக வேண்டும்.

இங்கே ஒரு விந்தையைச் சொல்ல வேண்டும். அய்யூபிகளின் காலம் நமக்கு எண்ணூறு ஆண்டுகளே முந்தியது. ஆயினும் அவர்கள் உடுத்திய ஆடைகளில் எஞ்சியவை மிகச் சில. உலோகப் பாத்திரங்களில் பொறித்த உருவங்களையும், ஹரீரியின் மகாமாத்துக்கு 1237இல் வாஸித்தி வரைந்தது போன்ற ஓவியங்களையும் கொண்டே நாம் ஊகிக்க வேண்டியுள்ளது. மூவாயிரம் ஆண்டுகளுக்கு அப்பாலுள்ள பண்டைய எகிப்தோ, தன் நாற்காலியையும் செருப்பையும் சட்டையையும்கூட வறண்ட மணலுக்குள் பத்திரமாக வைத்திருக்கிறது. 1922இல் திறக்கப்பட்ட தூத்தன்காமூனின் கல்லறையில் அந்த இளம் மன்னனின் உள்ளாடைகள் வரை கிடைத்தன. அரங்கம் அமைப்பவருக்கு இதைவிடப் பெரிய புதையல் வேறில்லை. கெய்ரோவின் தஹ்ரீர் சதுக்கத்து அருங்காட்சியகத்தில் அவை யாவும் கண்ணெதிரே இருந்தன. அவற்றைப் படிக்கத் தெரிந்த எகிப்தியத் திரைக் கலைஞர்களுள் ஷாதிக்கு இணையாக அன்று எவரும் இருக்கவில்லை.

அதனால்தான் வெளிநாட்டார் அவரைத் தேடி வந்தனர். ஜோசப் மான்கீவிச் இயக்கிய 'கிளியோபாட்ரா' (1963) படத்தின் பணிகளில் அவருக்கும் பங்கு கிடைத்தது. ஹாலிவுட் அதுவரை எடுத்த படங்களிலேயே மிகுந்த செலவில் உருவானவற்றுள் ஒன்று அது. எலிசபெத் டெய்லருக்கு மட்டும் 65 உடைகள். ரோமாபுரியில் கிளியோபாட்ரா நுழையும் காட்சியில் ஒரு பெரும் வளைவு நிற்கிறது. பேரரசர் கான்ஸ்டன்டைனுக்காக முந்நூற்றைம்பது ஆண்டுகளுக்கும் மேற்பட்ட காலம் கழித்துக் கட்டப்பட்ட வளைவின் சாயலில் அமைந்தது அது! கற்றவர்கள் சுற்றிலும் இருந்தும் அது அங்கே நின்றது. பிரமாண்டம் தேவைப்பட்ட இடத்தில் காலம் பின்னுக்குத் தள்ளப்பட்டது. ஆலோசகரின் இடம் எதுவென்பதை இவ்வொரு வளைவே உணர்த்திவிடும். அவர் சொல்லலாம், கேட்பதும் கேளாததும் முதலாளியின் விருப்பம்.

போலந்து இயக்குநர் ஜெர்ஸி கவலெரோவிச் எடுத்த 'ஃபிர்அவ்ன்' (1966) வேறு வகை. போலெஸ்வாஃப் புரூஸ் எழுதிய நாவலைத் தழுவிய அப்படத்திற்கு ஷாதி அரங்கம், உடை, உபகரணங்களுக்கான வரலாற்று ஆலோசகராக இருந்தார். பாலைவனக் காட்சிகளில் பெரும்பகுதி எடுக்கப்பட்டது எகிப்தில் அன்று, உஸ்பெகிஸ்தானின் கிஸில்கும் மணற்பரப்பில். ஆயினும் 'கிளியோபாட்ரா'வில் காணாத ஒன்று இதில் உண்டு: அடக்கம். மணலின் நிறமும் பொன்னின் நிறமும் தோலின் நிறமுமே திரையை நிறைக்கின்றன. பளபளப்பு கண்ணைக் குத்துவதில்லை. ஷாதியின் சொந்தப் படத்தைப் பார்த்துவிட்டு இதைப் பார்ப்போர்க்கு அவருடைய பள்ளிக்கூடம் எதுவென்று ஐயம் எழாது.

எனினும் இவை இரண்டும் பிறருடைய எகிப்துகளே. ஒன்று அமெரிக்கருடையது, மற்றொன்று அதிகாரத்தையும் சமயகுருமாரையும் பற்றிச் சிந்தித்த போலந்தியருடையது. இரண்டிலும் இன்றைய எகிப்தியன் இல்லை. கோயில்களின் நிழலில் ஆடு மேய்ப்பவனும், கல்லறைக்கு மேல் வீடு கட்டிக்கொண்டு ஐவேளை தொழுபவனும், 'இந்தப் பெரிய கற்சிலைகளுக்கும் எனக்கும் என்ன உறவு?' என்று ஒருநாளாவது நினைத்திருக்கக்கூடியவனும் அங்கே காணப்படவில்லை. ஷாதி தம் படத்தை அவனிடமிருந்து தொடங்கினார்.

அவர் எடுத்துக்கொண்டது உண்மை நிகழ்ச்சி ஒன்றை. லக்ஸர் நகருக்கு எதிரே, நைலின் மேற்குக் கரையில், குர்னா எனும் மலைச்சரிவுக் கிராமம் இருந்தது. 1870களில் அவ்வூரின் அப்துர் ரஸூல் குடும்பத்தார் மலையில் ஆழமான குழி ஒன்றைக் கண்டனர். அதனுள் எகிப்தின் பேரரசர்கள் பலர் ஒரே இடத்தில் கிடத்தப்பட்டிருந்தனர். கொள்ளையரிடமிருந்து காப்பதற்காகப் பண்டைய பூசாரிகளே, ஏறத்தாழ மூவாயிரம் ஆண்டுகளுக்கு முன், அவ்வுடல்களை அவரவர் கல்லறைகளிலிருந்து எடுத்துவந்து அங்கே ஒளித்திருந்தனர். குடும்பத்தார் அவ்வப்போது இறங்கி, சிறு பொருள்களை எடுத்து விற்று வாழ்ந்தனர். சந்தைக்கு வந்த பொருள்களைக் கண்டு தொல்பொருள் துறைத் தலைவர் மாஸ்பெரோவுக்கு ஐயம் எழுந்தது. கெனாவில் விசாரணை நடந்தது, சகோதரர்கள் அடிக்கப்பட்டனர். இறுதியில் பங்குத் தகராறு முற்றி, அவர்களுள் ஒருவரே இடத்தைக் காட்டிக்கொடுத்தார். அவருக்கு வெகுமதியும் வேலையும் கிடைத்தன. 1881 ஜூலை 6ஆம் நாள் எமீல் ப்ருக்ஷ் எனும் ஜெர்மானிய அதிகாரி குழியில் இறங்கினார். உடன் சென்றவர் அஹ்மத் கமால். எகிப்தியருள் முதல் எகிப்தியவியல் அறிஞர் என்று போற்றப்படுபவர் அவர். பண்டைய எகிப்திய மொழிக்கு 22 தொகுதிகளில் அகராதி தொகுத்தும் தம் வாழ்நாளில் அச்சில் காணாதவர்.

அக்குழியில் இருந்தவர்களுள் இரண்டாம் ராம்ஸெஸும் ஒருவன். மூஸா நபி (அலை) அவர்களை எதிர்த்த ஃபிர்அவ்ன் இவனே என்று நம் மேடைகளில் சொல்லக் கேட்டிருக்கிறோம். சிலர் அவன் மகன் மெர்னெப்தாஹ் என்பர். அவனுடைய உடல் 1898இல் வேறொரு கல்லறையில் கிடைத்தது. திருக்குர்ஆன் பெயர் எதையும் குறிப்பிடவில்லை. தொல்லியலும் இவ்விரண்டில் எதையும் உறுதி செய்யவில்லை. மறைவழியே ஃபிர்அவ்னைக் கொடுங்கோலனாக மட்டுமே அறிந்த ஒரு சமுதாயம், மலைக்குள் கிடக்கும் அம்மன்னர்களை 'எம் முன்னோர்' என்று அழைப்பதில் உள்ள சங்கடத்தை நாம் விளங்கிக்கொள்ள வேண்டும். ஷாதியின் படம் மார்க்க விவாதத்துள் புகவில்லை. ஆனால் அந்தச் சங்கடம் அவருடைய கதாநாயகனின் முகத்தில் தெரிகிறது.

படத்தில் அவ்விளைஞனின் பெயர் வனீஸ். தந்தையின் அடக்கத்தோடு கதை தொடங்குகிறது. ஓதுதல் முடிந்ததும் தந்தையின் உடன்பிறந்தார், வனீஸையும் அவன் அண்ணனையும் மலைக்கு அழைத்துச் சென்று குலத்தின் இரகசியத்தைக் காட்டுகின்றனர். காட்டுவதோடு நில்லாமல், ஒரு பேழையைத் திறந்து உடலிலிருந்து பொற்கண் ஒன்றைப் பிடுங்குகின்றனர். தம் தந்தை உண்ண வைத்த உணவு எதிலிருந்து வந்தது என்பதை அப்பிள்ளைகள் அன்றுதான் அறிகின்றனர். சற்றுமுன் ஒரு மண்ணறையை மரியாதையோடு மூடிவிட்டு வந்த கைகள், வேறொரு மண்ணறையைக் கிழிக்கின்றன. படத்தின் பாரமெல்லாம் இவ்விரண்டு காட்சிகளுக்கு இடையே இருக்கிறது. மறுப்புத் தெரிவித்த அண்ணன் கொல்லப்பட்டு நைலில் எறியப்படுகிறான். வனீஸ் இடிபாடுகளுக்கு இடையே தனித்து அலைகிறான். முடிவில் கெய்ரோவிலிருந்து வந்த அஃபந்திகளின் கப்பலுக்குச் சென்று அஹ்மத் கமாலிடம் யாவற்றையும் சொல்கிறான்.

வரலாற்றிலிருந்து எங்கெங்கே படம் விலகுகிறது என்று கவனித்தால் ஷாதியின் நோக்கம் புலப்படும். ப்ருக்ஷ் படத்தில் இல்லை. அஹ்மத் கமாலே தலைமை தாங்குகிறார். காட்டிக்கொடுத்தவரின் பேராசை நீக்கப்பட்டு, அவ்விடத்தில் மனச்சான்றின் வேதனை வைக்கப்படுகிறது. கப்பலில் வந்திருப்போரும் மலையில் இருப்போரும் ஒரே நாட்டவர். எனினும் ஒருவர் மற்றவருக்கு அந்நியர். அஃபந்திகள் தலையில் தர்பூஷும் உடலில் இறுக்கமான ஐரோப்பியக் கோட்டும் அணிந்துள்ளனர். குர்னாவாசிகளின் நீண்ட கறுத்த அங்கிகள் காற்றில் விரிந்து பறக்கின்றன. இரு கூட்டத்தாருக்கும் இடையிலுள்ள தூரத்தைச் சொல்ல வசனமே தேவைப்படவில்லை, தையலே சொல்லிவிடுகிறது. உடைகளை வரைந்தவர் இயக்குநராகவும் இருந்ததன் பயன் இது.

அரங்கப் பொறுப்பைத் தம் மாணவர் தலைமுறையைச் சேர்ந்த ஸலாஹ் மர்யீயிடம் ஒப்படைத்திருந்தார். ஷாதி 1963 முதல் 1969 வரை கெய்ரோவின் உயர் திரைப்படக் கல்லூரியில் அரங்கம், உடை, இயக்கம் ஆகியவற்றைக் கற்பித்தவர் என்பதை இவ்விடத்தில் நினைவுகூரலாம். ஒளிப்பதிவாளர் அப்துல் அஜீஸ் ஃபஹ்மி விடியலின் நீலத்தையும் அந்தியின் மங்கலையும் தேடித் தேடிப் படம்பிடித்தார். பின்னணி இசை இத்தாலியரான மாரியோ நாஷிம்பெனேயுடையது. பெருந்தூண்களும் சிலைகளும் உண்மையானவை, அட்டைகளால் கட்டப்பட்டவையல்ல. ஹாலிவுட் பெருஞ்செலவில் செய்து பார்த்ததை அவர் வாசலிலேயே வைத்திருந்தார். அதனால் அவருடைய வேலை கட்டுவதாக இருக்கவில்லை, விலக்குவதாக இருந்தது. சந்தை இல்லை, கூட்டம் இல்லை, ஒட்டகச் சுற்றுலா இல்லை. கல், மணல், ஆறு, கறுப்பு அங்கி. அவ்வளவே.

மொழியிலும் அதே விலக்கலைக் காண்கிறோம். எகிப்தியப் படங்கள் கெய்ரோவின் பேச்சு வழக்கில் பேசுவன. மேல்எகிப்தின் மலைக்கிராமத்தார் பேசுவதோ ஸயீதி வழக்கு. ஷாதி இரண்டையும் ஒதுக்கிப் படம் முழுவதையும் ஃபுஸ்ஹா எனும் செவ்வரபியில் அமைத்தார். கல்லறைத் திருடர்கள் இலக்கண சுத்தமாகப் பேசுவது சில இடங்களில் விறைப்பாக இருக்கிறது என்பதை நாம் மறுக்கவில்லை. ஆயின் கிராமத்தானைக் கேலிப்பொருளாக்கிய திரை மரபுக்கு முன்னால் இதை வைத்துப் பார்க்க வேண்டும். இங்கே குர்னாவின் ஏழை, அறிஞரோடு அதே மொழியில், அதே கண்ணியத்துடன் வாதிடுகிறான்.

இப்படம் உருவாக வெளியார் ஒருவரின் உதவி தேவைப்பட்டதும் சுவையான செய்தி. இத்தாலிய இயக்குநர் ரொபெர்த்தோ ரோஸலினி, மனித குலத்தின் வரலாற்றைத் தொலைக்காட்சித் தொடராக எடுக்க எகிப்து வந்தபோது ஷாதி அவருடன் பணிபுரிந்தார். ஷாதியின் கதையைப் படித்து வியந்த ரோஸலினி அதற்காகக் கலாசார அமைச்சகத்தில் பரிந்துரைத்தார். அப்போது அமைச்சராக இருந்தவர் ஸர்வத் உகாஷா. அஸ்வான் பேரணையின் நீரில் மூழ்கவிருந்த அபூ ஸிம்பெல் கோயிலை அறுத்தெடுத்து மேட்டில் மீண்டும் நிறுத்திய யுனெஸ்கோ பெருந்திட்டத்திற்கு முன்னின்று உழைத்தவர் அவர். அப்பணி 1968இல் நிறைவுற்றது. அதே அணைக்காக ஏறத்தாழ 50,000 எகிப்திய நூபியர்கள் தம் ஊர்களை விட்டுக் கொம் ஓம்போ பகுதிக்கு 1963-64இல் பெயர்க்கப்பட்டிருந்தனர். கற்களைக் காப்பதும் மனிதர்களைப் பெயர்ப்பதும் ஒன்றாக நடந்த காலம் அது. 1967 ஜூன் போரின் தோல்வி வேறு நாட்டை அழுத்திக்கொண்டிருந்தது. 'நாம் யார்?' என்று எகிப்தியர் கேட்டுக்கொண்டிருந்த நேரத்தில் இப்படம் எடுக்கப்பட்டது.

குர்னாவாசிகளின் தரப்பைப் படம் எந்த அளவுக்குக் கேட்கிறது என்பதில் கருத்து வேறுபாடு உண்டு. இறுதியில் வென்றது அருங்காட்சியகமே என்றும், அரசின் பக்கமே இயக்குநர் சாய்ந்துவிட்டார் என்றும் சொல்வோர் உளர். நாம் அவ்வளவு எளிதில் அம்முடிவுக்கு வரத் தயங்குகிறோம். இறுதிக் காட்சியில் விடியலின் ஒளியில் பேழைகள் வரிசையாகக் கரைக்கு இறங்குகின்றன. கப்பல் புறப்படுகிறது. குலத்தார் மலையில் நின்று பார்க்கின்றனர். வனீஸுக்கு நன்றி சொல்ல எவரும் இல்லை. அவன் கரையோரமாக, யாருமற்றவனாக, விலகி நடக்கிறான். வெற்றியைக் கொண்டாட விரும்பும் இயக்குநர் எடுக்கும் காட்சி இதுவன்று. உண்மையில் 1881இல் அக்கப்பல் வடக்கே சென்றபோது, கரையோர ஊர்களின் பெண்கள் மையித்துக்கு அழுவதுபோல் கூந்தலை அவிழ்த்து ஒப்பாரி வைத்தனர் என்று எழுதியுள்ளனர். கெய்ரோவின் சுங்கச் சாவடியில் மன்னர்களின் உடல்களுக்கு எந்த வகையில் வரி விதிப்பதென்று அறியாத எழுத்தர், உலர்ந்த மீன் என்று பதிந்துகொண்டதாகவும் ஒரு கதை வழங்குகிறது. ஷாதி இரண்டையும் தொடவில்லை. ஒப்பாரி எளிதில் உருக்கிவிடும். கருவாடு எளிதில் சிரிக்க வைத்துவிடும். இரண்டுக்கும் அவர் ஆசைப்படவில்லை.

கட்டடக் கலை பயின்ற மற்றொரு எகிப்தியரும் இதே குர்னாவோடு மல்லுக்கட்டியவர் என்பதைச் சொல்லாமல் விட முடியவில்லை. ஹஸன் ஃபத்ஹி, கல்லறைகளின் மேல் வாழ்ந்த இம்மக்களைக் குடியமர்த்துவதற்காக 1945 முதல் சமவெளியில் களிமண் செங்கல்லால் புதிய குர்னாவைக் கட்டினார். குவிமாடங்களோடும் அழகிய பள்ளிவாசலோடும் எழுந்த அவ்வூருக்குக் குடியேற மக்கள் மறுத்துவிட்டனர். அம்முயற்சியின் வரலாற்றை அவர் எழுதிய நூலைக் கலாசார அமைச்சகம் கெய்ரோவில் வெளியிட்டது 1969இல். 'அல்மூமியா' நிறைவுற்ற அதே ஆண்டு. ஒரே கிராமத்தைப் பற்றி இரு முஹந்திஸ்களின் இரு சாட்சியங்கள். இரண்டையும் அடுத்தடுத்துப் படித்தும் பார்த்தும் அறிய வேண்டும் என்று நம் பல்கலைக்கழக மாணவர்களுக்குப் பரிந்துரைப்போம்.

வெளிநாட்டு விழாக்களில் பாராட்டும் பிரான்ஸின் ஜார்ஜ் ஸாதூல் விருதும் படத்திற்குக் கிடைத்தன. எகிப்தியத் திரையரங்குகளுக்கோ அது 1975இல்தான் வந்தது. இதற்கிடையே ஷாதி, பண்டைய எகிப்தியக் கதை ஒன்றிலிருந்து 'நாவன்மை மிக்க உழவன்' (1970) எனும் குறும்படத்தை எடுத்தார். கொள்ளையடிக்கப்பட்ட உழவன் ஒருவன் அதிகாரியின் முன் நின்று நீதி கேட்கும் கதை. 1973 போரைப் பற்றி 'சூரியனின் சேனைகள்' எனும் ஆவணப் படத்தையும் உருவாக்கினார். தேசியத் திரைப்பட மையத்தின் சோதனைப் பிரிவில் இளைஞர்களுக்கு வழிகாட்டினார். இவையெல்லாம் இடைவேளைப் பணிகளே. அவர் மனம் முழுவதும் வேறொன்றில் இருந்தது.

அது அக்னாதூனைப் பற்றிய படம். பல தெய்வங்களை ஒதுக்கிச் சூரிய வட்டத்தை மட்டுமே வணங்கி, தனக்கெனப் புதுத் தலைநகர் எழுப்பி, இறந்தபின் பெயரும் அழிக்கப்பட்ட மன்னன். ஷாதி தம் கதைக்கு வைத்த பெயர் 'பேரில்லத்தின் அவலம்'. ஃபிர்அவ்ன் எனும் சொல்லின் மூலமான பண்டைய எகிப்தியச் சொல்லுக்குப் 'பெரிய இல்லம்' என்பதே பொருள். முதலில் அரண்மனையைக் குறித்து, பின்னர் அதில் வாழ்ந்தவனையே குறிக்கலாயிற்று. மன்னனின் பெயருக்குள் ஒரு கட்டடம் இருப்பதைக் கட்டடக் கலைஞர் கண்டுகொண்டதில் வியப்பில்லை. 1974 முதல் 1985 வரை, பதினொரு ஆண்டுகள், கதையைத் திருத்தித் திருத்தி எழுதினார். ஒவ்வொரு உடையையும் நகையையும் நாற்காலியையும் தேரையும் வண்ணத்தில் வரைந்தார். அமர்னா காலச் சிற்பங்களின் நீண்ட முகமும் மெல்லிய கழுத்தும் அவர் கோடுகளில் உயிர்பெற்றன. படமாக்கத் தேவையான பெரும்பொருள் மட்டும் சேரவில்லை. 1986 அக்டோபர் 8 அன்று அவர் மறைந்தபோது முழுப்படமும் தாளில் இருந்தது, ஓர் அடியும் சுருளில் இல்லை.

அத்தாள்களை இன்று இஸ்கந்தரிய்யா நூலகத்தில் காணலாம். 'ஷாதி அப்துஸ் ஸலாமின் உலகம்' எனும் நிரந்தரக் காட்சிக்கூடம் அங்கே அமைந்துள்ளது. எடுக்கப்படாத படத்தின் உடை ஓவியங்களே அதன் பெருஞ்செல்வம். 'அல்மூமியா'வின் மூல நெகட்டிவைக் கொண்டு, மார்ட்டின் ஸ்கோர்செஸி நிறுவிய உலகத் திரைப்பட அறக்கட்டளை இத்தாலியின் பொலோன்யா நகரில் படத்தைச் செப்பனிட்டது. 2009 கான் விழாவில் அது திரையிடப்பட்டது. மங்கிய பிரதிகளில் சாம்பல் நிறமாய்த் தெரிந்த விடியல், அதன்பிறகே நீலமாயிற்று. பார்க்க விரும்புவோர் அந்தப் பிரதியையே தேட வேண்டும்.

குர்னா இப்போது இல்லை. 2006 டிசம்பரில் பழைய ஊரின் வீடுகளை அரசு இடிக்கத் தொடங்கியது. மக்கள் வடக்கே புதிய குடியிருப்புக்கு மாற்றப்பட்டனர். பொலோன்யாவில் படம் செப்பனிடப்பட்ட 2009இல் மலைச்சரிவின் வண்ணச் சுவர்களில் பெரும்பாலானவை மண்ணாகியிருந்தன. 2021 ஏப்ரல் 3 அன்று கெய்ரோவில் மற்றோர் ஊர்வலம் நடந்தது. 18 அரசர்கள், 4 அரசியர் என 22 உடல்கள் தஹ்ரீர் அருங்காட்சியகத்திலிருந்து ஃபுஸ்தாத்திலுள்ள புதிய நாகரிக அருங்காட்சியகத்திற்கு எடுத்துச் செல்லப்பட்டன. பண்டைய ஈமப் படகின் வடிவில் பொன்வண்ணம் பூசிய ஊர்திகள், 21 குண்டு முழக்கம், வாயிலில் நாட்டின் அதிபர், உலகெங்கும் நேரலை. அரங்கம் அமைத்தோரின் திறமையில் குறை சொல்ல இடமில்லை. இரண்டாம் ராம்ஸெஸ், முதலாம் ஸேத்தி, மூன்றாம் துத்மோஸ் ஆகியோர் அவ்வூர்திகளில் சென்றனர். 1881இல் மூவரும் அதே மலைக் குழியிலிருந்து, குர்னாவையும் சுற்றுப்புறத்தையும் சேர்ந்த கூலியாட்களின் தோளில், கோடை வெயிலில் நைல் கரைக்கு இறங்கி வந்தவர்கள்.